எஸ்தர் கண்டுபிடித்த பாதை

1971. விருத்தாசலம் பீங்கான் ஃபேக்டரியில் தோட்டம் அமைக்க மெட்ராசிலிருந்து எஸ்தர் வந்திருந்தாள். வளாகம் முழுக்கக் களிமண்ணைப் பரப்பச் சொல்லிவிட்டு, ஒரு மாதம் சும்மா இருந்தாள்.

"ஒரு செடி கூட நடலியே! இதுக்குத்தான் பொம்பள வேணாம்னேன்" என்றார் மேனேஜர் சாமிதுரை.

"எல்லாரும் எங்க நடக்கிறாங்கன்னு பார்த்துட்டுதான் சார் பாதை போடணும். இதோ, களிமண்ணுல பின்சுவர் ஓட்டை வழியா டீக்கடைக்கு ஒரு காலடித் தடம் போகுது."

"அதுவா? ஆளுங்க டிமிக்கி குடுக்குற வழி. அடைச்சுடுங்க!"

"ஆளுங்க எல்லாம் வெறுங்காலு சார். இது பூட்ஸு தடம்."

ஃபேக்டரியில் பூட்ஸ் போட்டிருந்தவர் சாமிதுரை மட்டும்தான்.

குரலைத் தாழ்த்தினார். "சரி, பாதை போட்டுடுங்கம்மா. ரெண்டு பக்கமும் செடி வைங்க. என் தலைக்கு மேல வளரணும்."