மூன்றாம் பிரதியின் கடைசிப் பக்கம்

மூன்று படங்களை அழித்துவிட்டு நான்காவதில் அவள் ரப்பரை வைத்தபோது அவன் வந்து நின்றான்.

கையில் நூலக உறுப்பினர் அட்டை. அதில் ஒட்டியிருந்த முகம் அவனுடையது அல்ல.

"இது எங்கப்பா கார்டு மேடம். வியாழக்கிழமை தவறிட்டார்."

பஸ் போய்விட்டது என்பதைப் போலச் சொன்னான்.

அவளுக்கு அவரைத் தெரியும். லேத் பட்டறையில் முப்பத்தெட்டு வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மூன்று மாதமாக ஒரே புத்தகத்தைத்தான் திருப்பித் திருப்பி எடுத்துப்போனார்.

ஓவியத்தை எப்படிப் பார்ப்பது, அது என்ன சொல்கிறது என்று பொறுமையாகச் சொல்லித்தரும் புத்தகம். 'பெரியவர்களும் பிள்ளைகளும் சேர்ந்து படிக்க' என்று அட்டையிலேயே போட்டிருக்கும். நூலகத்தில் நான்கு பிரதிகள். ஒன்றும் அலமாரியில் தங்காது.

"பேரனுக்கா?" என்று ஒருமுறை கேட்டாள்.

"எனக்குத்தாம்மா. இத்தனை வருஷம் எல்லாத்தையும் அளந்துட்டேன். இனிமேதான் பாக்கணும்" என்றார்.

புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் வெறும் சட்டகம் ஒன்று இருக்கும். அதன் கீழே ஒரு வரி: 'பார்த்ததில் மறக்க முடியாத ஒன்றை இங்கே வரையுங்கள்.'

வரைவார்கள். திரும்பி வந்ததும் அவள் அழிப்பாள். புத்தகத்தில் பென்சில் கோடு இருக்கக் கூடாது என்பது நூலக விதி. புத்தகமே சொல்லித்தானே சார் வரையறாங்க என்று வேலைக்குச் சேர்ந்த புதிதில் கேட்டிருக்கிறாள்.

"அது புத்தகம் சொல்றது. இது நான் சொல்றது" என்றார் தலைமை நூலகர்.

அதற்குப் பிறகு அவள் கேட்கவில்லை.

"ஆஸ்பத்திரியில வச்சு சொன்னார்" என்றான் அவன். "லைப்ரரி புக்குல உன்னைத்தான்டா வரைஞ்சிருக்கேன், போய்ப் பாருன்னு. நீயாவது வரையறதாவதுன்னு கிண்டல் பண்ணிட்டு வந்துட்டேன்."

அட்டையை அவள் பக்கம் திருப்பிக் காட்டினான்.

"எங்க வீட்டுல என் போட்டோ ஒண்ணுகூட மாட்டுனதில்ல அவர். அதை மட்டும் பாத்துட்டுப் போயிடறேன் மேடம்."

அட்டை எண்ணைக் கணினியில் தட்டினாள். மூன்றாம் பிரதி. போன திங்கட்கிழமை திருப்பிக் கொடுத்திருக்கிறார்.

மூன்றாம் பிரதி மேஜையில்தான் இருந்தது. அழித்து முடித்தவற்றின் மேலாக. ரப்பர் தூளை அவள் இன்னும் துடைக்கவில்லை.

கடைசிப் பக்கத்தைத் திறந்து அவன் பக்கமாகத் திருப்பி வைத்தாள்.

"அழிச்சாச்சு சார். இன்னைக்குக் காலையிலதான்."

அவன் கோபப்படவில்லை. "சரி" என்றான். இன்னொரு தடவையும் "சரி" என்றான். ஆனால் போகவில்லை. காலிச் சட்டகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். பின்னால் வரிசையில் இருந்த பெண் தொண்டையைச் செருமினாள். அதுவும் அவன் காதில் விழவில்லை.

அவள் இழுப்பறையிலிருந்து பென்சிலை எடுத்தாள். படுக்கவைத்து, அழுத்தாமல், சட்டகத்தின் ஓரத்திலிருந்து தேய்க்கத் தொடங்கினாள்.

காகிதம் சாம்பல் நிறமானது. முன்பு பென்சில் அழுந்திய பள்ளங்கள் மட்டும் கறுக்காமல் வெள்ளைக் கோடுகளாக மேலே வந்தன.

ஒரு வீடு. வீட்டைவிடப் பெரிய பூனை. பல்லோடு ஒரு சூரியன். ஒரு கப்பல், அதன் மேலேயே ஒரு மாடு. இத்தனை வருடம் அவள் அழித்த பிள்ளைகள் எல்லாரும் ஒருவர் தோளில் ஒருவர் ஏறி நின்றார்கள்.

அவன் குனிந்தான். விரல் கோடுகளின் மேல் தொடாமல் நகர்ந்தது. வலது மூலைக்குப் போய் நின்றது. அங்கே வட்டமாக ஒரு முகம். இரண்டு பக்கமும் கைப்பிடி மாதிரிக் காதுகள். வாய் கொள்ளாத சிரிப்பு.

"இதா மேடம்?"

அவள் பார்த்தாள்.

"காது என்னுதுதான். சின்ன வயசுல என்னை ஜாடின்னுதான் கூப்பிடுவார்."

"ஆமா சார்" என்றாள். "அதுதான்."

"சிரிக்கிற மாதிரி போட்டிருக்கார்" என்றான். அவன் முகத்தில் சிரிப்பு இல்லை, வேறு எதுவும் இல்லை. அலைபேசியில் ஒரு படம் எடுத்தான். ஆடிவிட்டது என்று இன்னொன்று எடுத்தான். அட்டையை மேஜையில் வைத்துவிட்டு வாசலை நோக்கி நடந்தான்.

அவனுடைய இடது தோள் ஒரு விரல்கடை இறங்கியிருந்தது. உச்சந்தலையில் இரட்டைச் சுழி.

காலையில் இந்தப் பக்கத்தில் அவள் அழித்ததில் முகம் இல்லை. நடுங்கும் கை, கோட்டை அழுத்தியிருக்கவில்லை. ரப்பரை இரண்டு இழுப்பு இழுத்ததும் தடமில்லாமல் போய்விட்டது. கதவைத் தாண்டிப் போகும் ஒரு முதுகு. இறங்கிய இடது தோள். சுழிகள் இரண்டை மட்டும் முடி முடியாக வரைந்திருந்தார்.