இல்லாத வசனம்

"எக்ஸ்ட்ராக்கள் யாரும் வாயைத் திறக்கக் கூடாது. ஒரு சத்தம் வந்தாலும் அடுத்த வாரம் இந்தப் பக்கமே வர வேண்டாம்" என்றார் டைரக்டர் க்ரீலி.

எட்னா தலையாட்டினாள். ஹாலிவுட்டுக்கு நடிக்க வந்தவள், வருஷக்கணக்காக வசனமில்லாத எக்ஸ்ட்ராவாகத் தட்டுதான் தூக்குகிறாள். இந்த வேலையும் போனால் துணிக்கடையில் நிற்க வேண்டியதுதான்.

இன்றைக்கு டெலிவிஷன் நாடகம். சினிமா மாதிரி வெட்டி ஒட்ட முடியாது. இங்கே நடிக்க நடிக்க அங்கே வீடுகளில் ஓடும். தும்மினால் தும்மினதுதான்.

ஓட்டல் காட்சி. பேங்க் முதலாளி வேஷத்தில் ஹார்லன் பிக்ஸ். வட்டிக்காரன், நீதிபதி, குடியிருப்பவர்களைக் காலி பண்ணச் சொல்கிற வீட்டுக்காரன் என்று காலமெல்லாம் குணச்சித்திர வேஷம்தான். முகம் ஊருக்கே தெரியும், பெயர் யாருக்கும் தெரியாது. ஆனால் வசனம் மட்டும் ஒரு நாளும் தப்பியதில்லை.

கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது. எட்னா சூப்பை வைத்துவிட்டுத் திரும்பினாள். அவள் வேலை அவ்வளவுதான்.

"நில்லு" என்றார் ஹார்லன்.

இது வசனத்திலேயே இல்லை.

"இது என்ன?"

எட்னா திரும்பிப் பார்த்தாள். ஹார்லனுக்கு எதிரே உட்கார்ந்திருந்த கதாநாயகன் வெளுத்துப் போனான். கேமரா மெல்ல அவள் பக்கம் திரும்பியது.

"உன்னைத்தான் கேக்கறேன். நாக்கை வீட்டுல வச்சுட்டு வந்தியா?"

பேசினால் வேலை போச்சு. பேசாவிட்டால் நாடகமே போச்சு. கேமராவுக்குப் பின்னால் ஒருவன், சீக்கிரம் சீக்கிரம் என்று விரலைச் சுழற்றிக்கொண்டிருந்தான்.

"சூப்புங்க" என்றாள்.

"இதுவா? பாத்திரம் கழுவின தண்ணி மாதிரி இருக்கு."

எட்னாவுக்குச் சுரீர் என்றது. "உங்க பேங்க்ல கடன் வாங்கினவர் நடத்தற கடை சார். வட்டி கட்டினது போக, சட்டியில இவ்வளவுதான் தேறும்."

இருட்டில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். ஹார்லன், போ என்று கையசைத்துவிட்டு, விட்ட இடத்திலிருந்து வசனத்தைப் பிடித்துக்கொண்டார்.

நாடகம் முடிந்ததும் க்ரீலி மாடியிலிருந்து தடதடவென்று இறங்கி ஹார்லனிடம் வந்தார்.

"யோவ், புத்தி கெட்டுப்போச்சா உனக்கு? நேரம் பத்தாம கடைசி சீன்ல பாதியைத் தூக்க வேண்டியதாப் போச்சு."

"மறந்துபோச்சு சார். வயசாகுதில்ல? வாய்க்கு வந்ததைச் சொல்லிட்டேன். இந்தப் பொண்ணு மேல தப்பில்ல."

"வசனம் மறக்கற ஆள் எனக்கெதுக்கு? இனிமே உன்னைக் கூப்பிட மாட்டேன். நீயும்தாம்மா, கிளம்பு."

ஹார்லன் தொப்பியை எடுத்துக்கொண்டு நடந்தார். எட்னா நடைவழியில் மறித்தாள்.

"உங்களுக்கு நான் என்ன சார் கெடுதல் செஞ்சேன்?"

"நல்லாத்தானே பேசினே" என்று சொல்லிவிட்டு விலகிப் போய்விட்டார்.

திமிரைப் பார், என்று கருவிக்கொண்டே உடுப்பு அறைக்குள் நுழைந்தவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"எதுக்குடி அழறே?" என்றாள், உடுப்புகளைப் பார்த்துக்கொள்ளும் பெர்த்தா.

"வேலை போச்சுக்கா. அந்தக் கிழம் மறந்து தொலைச்சதுக்கு நான் மாட்டிக்கிட்டேன்."

"போனது எக்ஸ்ட்ரா வேலைதானே? போகட்டும். ஒளிபரப்புல ஒரு வார்த்தை பேசிட்டாலும் நீ நடிகைடி. நடிகர் சங்கத்து விதி அது, இனி உன்னை உறுப்பினரா சேத்துக்கணும். க்ரீலி நினைச்சாலும் மாத்த முடியாது. நாளைக்குப் பக்கத்து ஸ்டுடியோவுக்குப் போ, நடிகைன்னே சொல்லிக் கேளு."

பொத்தானைக் கழற்றிக்கொண்டிருந்த எட்னாவின் கை நின்றது.

"இந்த விதி... ஹார்லன் சாருக்குத் தெரியுமாக்கா?"

"தெரியுமாவா? சங்கத்துல மல்லுக்கட்டி அதைக் கொண்டுவந்ததே அவர்தான்" என்றாள் பெர்த்தா. "காலையில இங்க வந்து, 'இந்தக் கூட்டத்துல நிஜமாவே நடிக்கத் தெரிஞ்ச பொண்ணு யாரு'ன்னு கேட்டார். நான்தான் உன்னைக் காட்டினேன்."