நாலு மணிச் சத்தம்

டங்... டங்... டங்.

படியேறும்போதே சுனிலின் காதில் விழுந்தது. மூன்றாவது மாடியில் இடிக்கிறார்கள். நின்றது. உடனே இரண்டாவது மாடியிலிருந்து, இன்னும் பலமாக, ணங்... ணங்... ணங்.

ஹைதராபாத் மல்காஜ்கிரியில் அந்த அபார்ட்மென்ட்டுக்கே இது தெரிந்த கூத்து. மேலே, சூடானிலிருந்து படிக்க வந்த ஜுலைகா. கீழே, தனியாக இருக்கும் ஜலஜா. மேலே இடிப்பது பழைய கதை. கீழேயிருந்து பதிலுக்கு இடிப்பது மூன்று மாதமாக.

அசோசியேஷன் செக்ரட்டரி சுனில் பெல்லை அழுத்தினான். கையில் சின்ன உலக்கையோடு ஜலஜா கதவைத் திறந்தாள்.

"வாப்பா. சட்டுனு சொல்லு, வேலை இருக்கு."

"சண்டை நக்கோ, வேணாம் ஆன்ட்டி. நீங்க எதுக்குக் கையை நோகடிச்சுக்கணும்? இந்தப் புகார் லெட்டர்ல எட்டு வீட்டுக்காரங்க கையெழுத்து போட்டாச்சு. நேர் கீழ்வீடு நீங்க. நீங்களும் போட்டா, மாசக் கடைசியில அந்தப் பொண்ணை ஓனர் காலி பண்ண வெச்சிடுவார்."

ஜலஜா தாளை வாங்கவில்லை. சமையலறைக்குத் திரும்பினாள். அவனும் பின்னாலேயே போனான்.

மேடையில் வரிசையாக ஏழு பாட்டில் சுக்குப்பொடி. கழுவிக் கவிழ்த்திருந்தது ஒரே ஒரு டம்ளர்.

"அவளைப் பழிவாங்க இவ்வளவு சுக்கா ஆன்ட்டி?" என்று சிரித்தான்.

"முதல்ல நானும் சண்டைக்குத்தான் போனேன். காபிக்கொட்டை இடிச்சிட்டிருந்தா. எதிர்ல போன். அதுல அவ அம்மா. யுத்தத்துல வீட்டை விட்டு ஓடி, ஏதோ முகாம்ல உக்காந்து அவங்களும் இடிச்சிட்டிருந்தாங்க. அவ ஒரு தடவை, அவங்க ஒரு தடவை. பேச்சே இல்லை."

"அது சரி. நீங்க எதுக்கு..."

"மூணு மாசமா அங்கே லைன் கிடைக்கலை. இருக்காங்களா இல்லையான்னே தெரியலை. இவ மட்டும் நாலு மணியானா இடிக்கிறா."

மேலே மறுபடி டங்... டங்... டங். நின்றது.

சுனில் அண்ணாந்து பார்த்தான். கையிலிருந்த தாளை மடித்துப் பைக்குள் வைத்தான்.

"நிறுத்திட்டா பாரு. இது அவ அம்மா முறை" என்றபடி, ஒரு துண்டு சுக்கை உரலில் போட்டு ஜலஜா இடிக்க ஆரம்பித்தாள்.