ரத்து வேண்டாத சம்மன்

"வேலித் தகராறுக்கெல்லாம் கிரிமினல் சம்மனா? ஐகோர்ட்டுல மனு போட்டா ரத்தாகிடும்மா" என்றாள் வக்கீல் சுபஸ்ரீ, கள்ளக்குறிச்சி கோர்ட்டு வராந்தாவில்.

கரியாலூர் மலைக்கிராமத்துப் பச்சையம்மாள் மறுத்துத் தலையாட்டினாள். "வேணாங்க. கேஸு இருந்துட்டுப் போவட்டும்."

"எனக்கு பீஸ் வேணாம்."

"அதுக்கில்லீங்க."

"நாளைக்கு ஜெயில்னு தீர்ப்பாயிட்டா?"

"அப்பப் பாத்துக்கலாங்க."

சுபஸ்ரீக்கு எரிச்சலாக வந்தது. "வாய்தாவுக்கு வாய்தா பஸ்ஸுல வாந்தியெடுத்துக்கினு வர்றீங்க. ரத்தாச்சுன்னா மலையவிட்டு இறங்கவே வேணாம்."

"ஐயோ, அதுக்குத்தாங்க வேணான்றேன்!"

அதற்குள் கைக்குழந்தையோடு ஒரு பெண் வேகமாக வந்தாள். பச்சையம்மாள் பாய்ந்துபோய்க் குழந்தையை வாங்கி முத்தமிட்டாள்.

"எம்மவங்க. இஷ்டப்பட்டவனக் கட்டிக்கினு இங்கதான் இருக்கா. அவளப் போய்ப் பாத்தா வூட்டுக்கே வராதேன்னுட்டாரு எங்க வூட்டுக்காரரு. மலையவிட்டு எறங்கவே வுட மாட்டாரு. கோர்ட்டுல கூப்ட்டாங்கன்னா மட்டும் வாயத் தொறக்க மாட்டாரு. போலீசு வந்துடும்னு பயம்."

சுபஸ்ரீ எழுதி வைத்திருந்த மனுவை மடித்துப் பைக்குள் வைத்தாள்.

"அடுத்த வாய்தா மட்டும் கொஞ்சம் கிட்டத்துல வாங்கிக் குடுங்க" என்றாள் பச்சையம்மாள். "புள்ளைக்குப் பல்லு மொளைக்குது."