இரண்டாவது ஆள்

“ஏம்மா, ஒருத்தர் வந்தா போதுமா? ரெண்டு பேர் வேணும்னு போன வாரமே படிச்சுப் படிச்சு சொன்னேன்ல?” வக்கீல் குமாஸ்தா வேணு சலித்துக்கொண்டார்.

சந்திரம்மாள் கோர்ட் படிக்கட்டில் உட்கார்ந்தபடி செல்போனையே பார்த்துக்கொண்டிருந்தாள். மருமகள் தேவிப்ரியா கொடுத்த வரதட்சணைப் புகாரில் மகன் கலையரசன் பெயரோடு அவள் பெயரும் இருந்தது. மகனின் முன்ஜாமீன் மனு தள்ளுபடியாகிவிட்டது. அவன் எங்கோ தலைமறைவு. இவளுக்கு மட்டும் வயதைப் பார்த்துக் கொடுத்திருந்தார்கள். இரண்டு பேர் ஜாமீன் கையெழுத்துப் போட வேண்டும். இன்றுதான் கடைசி நாள். தவறினால் போலீஸ் ஜீப் கீழ்பென்னாத்தூர் வீட்டு வாசலுக்கே வந்துவிடும்.

பக்கத்து வீட்டு பொன்னி காலையிலேயே வந்துவிட்டாள். இன்னொருவர்தான் கிடைக்கவில்லை.

“ராஜேந்திரன் மாமா என்னக்கா சொன்னாரு?” என்று கேட்டாள் பொன்னி.

“நாளபின்ன ரெண்டு வீட்டு விசேஷத்துக்கும் நாங்க போவணும், எங்கள விட்டுடுன்னாரு. எல்லாரும் அதேதான் சொல்றாங்க.”

“கூடப் பொறந்தவங்க யாரும் இல்லையாம்மா?” என்றார் வேணு.

“ஒரே ஒரு அண்ணன். அவர எந்த மூஞ்சிய வெச்சிக்கினு கூப்பிடறது?”

“யாரையாச்சும் சீக்கிரம் கூப்பிடுங்க. பொண்ணோட அப்பன் வந்து ஆட்சேபணைன்னு கத்தினா எல்லாம் கெட்டுது. இந்த மாதிரி கேஸ்ல கண்டிப்பா வருவாங்க.”

சந்திரம்மாள் தலையைக் குனிந்துகொண்டாள். பொன்னி மெல்ல எழுந்து, போனோடு கேட் பக்கம் போனாள்.

சாப்பாட்டு நேரம் தாண்டித்தான் அண்ணன் சகாதேவன் வந்தார். தங்கையை நேராகப் பார்க்கவில்லை.

“பொன்னி போன் பண்ணுச்சு. சாப்டியா?”

“அண்ணா...”

“கேட்டதுக்கு பதில் சொல்லு.”

“இல்ல.”

பையிலிருந்து இட்லிப் பொட்டலத்தை எடுத்து அவள் மடியில் போட்டார். “வெறும் வயித்துல பிபி மாத்திரையப் போட்டுக்கினு ஜட்ஜ் முன்னாடி விழுந்து வைக்காத. அதுக்கும் என்னத்தான் கூப்பிடுவாங்க.”

அவள் ஒரு விள்ளல் பிட்டு வாயில் வைத்தாள்.

“கார் வேணும்னு உம் புள்ள அந்தப் பொண்ண அடிச்சப்போ நீ எங்க இருந்த?”

“சமையக்கட்டுல.”

“சத்தம் காதுல விழுந்துச்சா?”

அடுத்த விள்ளலைப் பொட்டலத்திலேயே வைத்தாள். “நான் வாயத் தொறந்து ஒரு குண்டுமணி தங்கம் கேட்டதில்லண்ணா.”

“தடுக்கவும் வாயத் தொறக்கல.”

அவள் பொட்டலத்தை மடித்து வைத்துவிட்டாள். அவர் அதைப் பிரித்து மறுபடி அவள் கையில் கொடுத்தார்.

“பேர் கூப்பிட்டாச்சு, வாங்க வாங்க!” என்று வேணு ஓடி வந்தார். “சார், வீட்டு வரி ரசீது, ஆதார்லாம் எடுத்தாந்தீங்களா?”

எல்லாமே பையில் இருந்தன.

மாஜிஸ்திரேட் ரசீதைப் பார்த்தார். பிறகு சகாதேவனைப் பார்த்தார். “இவங்க உங்களுக்கு என்ன வேணும்?”

“தங்கச்சிங்க.”

“என்ன கேஸுன்னு தெரிஞ்சுதான் பொறுப்பு ஏத்துக்கறீங்களா?”

“நல்லாத் தெரியுங்க.”

பொன்னியின் கையெழுத்துக்குக் கீழே சகாதேவன் பேனா அமுங்க அமுங்கக் கையெழுத்துப் போட்டார்.

வெளியே வந்ததும் வேணு நெற்றியைத் துடைத்துக்கொண்டார். “பொண்ணோட அப்பன் எந்த நேரம் வந்து கத்துவானோன்னு பயந்துகினே இருந்தேன். நல்ல வேளை, ஆளு வரல.”

சந்திரம்மாள் அண்ணனைப் பார்த்தாள். சகாதேவன் வரி ரசீதை மடித்துப் பையில் வைத்தார்.

“வந்துட்டுத்தாம்பா போறேன். தேவிப்ரியா எம் பொண்ணுதான்,” என்றார். “இவ புள்ள ஜாமீன் கேட்டு வருவான்ல, கத்தறத அன்னிக்கு வெச்சிக்கறேன்.”