இன்னும் ரெண்டு மிளகாய்

"இன்னும் கருகணுமா?"

"இன்னும்."

"தோலெல்லாம் கரியாப் போச்சு. உள்ள தக்காளி இருக்கான்னே சந்தேகமா இருக்கு."

"இருக்கும். இன்னும் ரெண்டு மிளகாய் போடுங்க."

பஸ் டிரைவர் போட்டாரு. அடுப்பு மேல கம்பி வலை. வலை மேல எட்டு தக்காளி, ஒரு முழுப் பூண்டு, ஒரு கை நிறைய பச்சை மிளகாய். அவரு தலையில ஹெல்மெட், கண்ணாடிய முழுசா இறக்கிவிட்டு. அந்த நெடிக்கு வேற வழி இல்ல.

லீவு நாள், ரொட்டிக்குத் தொட்டுக்கக் காரசாரமா ஒரு தக்காளி டிப் வேணும்னு கேட்டது அவரோட பொண்டாட்டி. ஆஸ்பத்திரியில நர்ஸ். அம்மணி ஹால்ல மாஸ்க் மாட்டிக்கிட்டு கால் மேல கால் போட்டு உக்காந்திருந்தாங்க. சமையக்கட்டு ஜன்னல் சாத்தியிருந்துச்சு. வாசக் கதவு மட்டும் ஆன்னு தொறந்து கெடந்துச்சு.

பத்து நிமிஷத்துல மூணாவது மாடியே இருமுச்சு.

முதல்ல எதிர்வீட்டு டெய்லர் அக்கா வந்தாங்க. யாரோட சட்டையோ, பாதி தைச்சது, அதால மூக்கப் பொத்திக்கிட்டு.

"ஏம்மா, சமையலா, இல்ல கொசுவுக்குப் புகை போடுறீங்களா?"

"தக்காளி டிப் க்கா."

"அந்தக் கதவையாவது சாத்தித் தொலையக் கூடாதா?"

"சாத்தினா எங்களுக்கு இருமுதே க்கா."

டெய்லர் அக்கா திட்ட வாயத் தொறந்தாங்க. இருமல்தான் வந்துச்சு.

நாலாவது மாடி வாத்தியார் கண்ணத் தொடச்சுக்கிட்டே இறங்கி வந்தாரு. "ரிட்டயர் ஆன அன்னைக்குக் கூட நான் இப்படி அழலம்மா. கொஞ்சமாச்சும் அடுத்தவங்கள நினைச்சுப் பாக்க வேணாமா?"

அப்பதான் செக்ரட்டரி வந்தாரு. குடியிருப்புச் சங்கத்தோட செக்ரட்டரி. முதல்ல தொப்பை வரும், அப்புறம் நோட்டீஸ் புக்கு, கடைசியாத்தான் அவரு.

இந்த வீட்டுக்கு ஏற்கெனவே ரெண்டு நோட்டீஸ் குடுத்தாச்சு. படிக்கட்டுல செருப்பு விட்டதுக்கு ஒண்ணு, செக்ரட்டரிய எதிர்த்துப் பேசினதுக்கு ஒண்ணு. மூணாவது வந்தா வீட்டைக் காலி பண்ணணும். சங்கத்தோட சட்டம் அப்படி.

"மூணாவது!" அவரு மூஞ்சில லாட்டரி விழுந்த சந்தோஷம். "பெட்டி படுக்கையக் கட்டுங்க."

டிரைவர் அடுப்ப அணைச்சுட்டு ஓடி வந்தாரு. ஹெல்மெட்டுக்குள்ளேயே அவருக்கு வேர்த்துக் கொட்டுச்சு. "சார், மன்னிச்சிருங்க சார். ஒரு டிப்புக்காக வீட்டையா சார் புடுங்குவீங்க?"

"நீங்க சும்மா இருங்க." நர்ஸ் எழுந்து வந்தாங்க. "தப்பு நம்ம மேல. எழுதுங்க சார்."

செக்ரட்டரி எழுதிக்கிட்டே வாசிச்சாரு. "'சிறிதளவு புகை உண்டாக்கி...'"

"சிறிதளவா? என்ன சார் நீங்க? இருபது நிமிஷமாப் புகை. அத எழுதுங்க."

எழுதினாரு.

"வராந்தாவுல எதிர்ல நிக்கிற ஆள் மூஞ்சி தெரியாத அளவுக்குப் புகை. நாலாவது மாடி வரைக்கும்."

அதையும் எழுதினாரு. கை வலிக்குதேன்னு கூடப் பாக்கல.

டெய்லர் அக்காவுக்கே பாவமாப் போச்சு. "ஏம்மா, உனக்கு என்ன பைத்தியமா? நீயே எடுத்துக் குடுக்கிற?"

"உள்ளத உள்ளபடி எழுதணும்ல க்கா. நீங்களும் வாத்தியார் சாரும் சாட்சிக் கையெழுத்துப் போடுங்க."

போட்டாங்க. செக்ரட்டரி தேதி, நேரம் எல்லாம் போட்டு, தன் கையெழுத்துக்குக் கீழ ரெண்டு கோடும் இழுத்து, தாளக் கிழிச்சு நீட்டினாரு.

நர்ஸ் ஒரு தடவை படிச்சாங்க. நேரா லிஃப்ட் பக்கம் போயி, நோட்டீஸ் போர்டுல அத குத்தி வச்சாங்க. ஒண்ணும் புரியாம மத்தவங்க பின்னாடியே போனாங்க. டிரைவர் மட்டும் சமையக்கட்டுக்குத் திரும்பினாரு.

"வாத்தியார் சார், பக்கத்துல இன்னொரு பேப்பர் இருக்கு பாருங்க. கொஞ்சம் சத்தமா வாசிங்க."

வாத்தியார் கண்ணாடிய மாட்டினாரு. "'எல்லா மாடிகளிலும் உள்ள புகை அலாரங்களைச் சென்ற வாரம் நானே நேரில் சோதித்துவிட்டேன். ஒரு சிகரெட் புகைக்கே அலறும். யாரும் வீண் வதந்தி பரப்ப வேண்டாம். இப்படிக்கு, செக்ரட்டரி.'"

கையெழுத்துக்குக் கீழ அதே ரெண்டு கோடு.

எல்லாத் தலையும் ஒண்ணா மேல பாத்துச்சு. கூரையில ஒரு வெள்ளை டப்பா. சுத்தியும் புகை. டப்பா கம்முனு தூங்கிட்டு இருந்துச்சு.

செக்ரட்டரி கை போர்டு பக்கம் பாஞ்சுச்சு. டெய்லர் அக்கா குறுக்க விழுந்தாங்க.

"கைய எடுங்க சார்! அதுல என் கையெழுத்து இருக்கு!"

"மூணு மாசமா வாயால சொல்லிப் பாத்தேன் க்கா," நர்ஸ் சொன்னாங்க. "அலாரம் செத்துக் கெடக்குன்னு. எதிர்த்துப் பேசுறேன்னு நோட்டீஸ் குடுத்தாரு."

"அடப்பாவி மனுஷா!" வாத்தியார் பள்ளிக்கூடத்துல கூட இப்படிக் கத்தியிருக்க மாட்டாரு.

அந்த நேரம் பாத்து டிரைவர் கிண்ணமும் ரொட்டியுமா வந்தாரு. தக்காளி தோல உரிச்சு, மசிச்சு, உப்பும் எலுமிச்சையும் போட்டு. ஹெல்மெட்ட மட்டும் கழட்டல. "உப்பு சரியா இருக்கா பாருங்க."

டெய்லர் அக்கா ஒரு ரொட்டித் துண்டத் தொட்டு வாயில போட்டாங்க. மூக்குலயும் கண்ணுலயும் தண்ணி. "யப்பா... உயிர் போகுது... இன்னொரு துண்டு குடுங்க."

செக்ரட்டரி குரல் கீழ் மாடிக்கு இறங்கிருச்சு. "நோட்டீஸக் கிழிச்சுப் போட்டுருவோம்மா. அலாரத்த அடுத்த மாசம் மாத்திடலாம்..."

நர்ஸ் மாஸ்க்கைக் கழட்டினாங்க.

"இன்னைக்கே சார். நான் வேலை பாக்குறது தீக்காய வார்டு. அங்க இந்தக் கட்டடத்து மூஞ்சி ஒண்ணு கூட நான் பாக்கக் கூடாது. உங்க மூஞ்சியும் சேத்துத்தான்."