ஜோடி மரம்

இறந்தவர்களின் சாம்பலை வேரிலிட்டு வளர்த்த கொடைக்கானல் பைன் காட்டில், அன்று சலேத்மேரிக்கு வெட்ட வேண்டிய மரங்களில் குறி போடும் வேலை. நெருக்கத்தில் மரங்களெல்லாம் வெளிச்சம் தேடி உயர்ந்தனவே தவிர, பருக்கவில்லை.

அதிலும் ஜோடி மரங்கள் மோசம். ஒருவர் போனதும், உயிரோடிருக்கும் துணைக்கும் சேர்த்து மூன்றடி தள்ளி இன்னொரு கன்று வைத்துவிடுவார்கள். இனி இரண்டில் ஒன்றுதான் நிற்கலாம். மெலிந்தது போக வேண்டும்.

இறந்துபோன பூரணத்தின் மரம் மணிக்கட்டுப் பருமன்தான் இருந்தது. அவள் கணவர் குருபாதத்துக்காக நட்டதோ பக்கத்தில் தூணாக நின்றது. மெலிந்ததில் சலேத்மேரி சிவப்பு வளையம் தீட்டும்போது, மரம் வெட்டப்போகும் கடிதம் கண்டு வந்திருந்த குருபாதம் குறுக்கே வந்தார்.

"அத அழிச்சிரும்மா. என்னோடதுல போடு."

"அப்புறம் உங்களுக்கு இங்க எடம் இல்லைங்கய்யா. இது நல்லா வந்த மரம் வேற."

"எப்புடி வந்துச்சு? அவ வெளிச்சத்தையும் சேத்துக் குடிச்சுல்ல வந்துருக்கு." பட்டையைத் தடவினார். "உசுரோட இருந்தப்பவும் இப்புடித்தாம்மா."

சலேத்மேரி வளையத்தை அழித்தாள். பருத்த மரத்தில் புதிதாகப் போட்டாள்.

"இனி அவ தேறுவாளா?"

சலேத்மேரி அண்ணாந்து பார்த்தாள். மெலிந்த மரத்தின் உச்சியில் ஒரு கொத்துப் பச்சை இருந்தது.

"தேறும்ங்கய்யா. ஆனா இத்தன வருசம் உங்க மரத்துல சாஞ்சே பழகிருச்சு. தனியா நின்னா காத்து சாச்சிரும். ரெண்டு மழைக்காவது முட்டுக் குடுக்கணும்."

குருபாதம் தன் கைத்தடியை நீட்டினார்.

தாங்காது என்று அவளுக்குத் தெரியும். வாங்கிக் கட்டினாள்.